ஆழ்வார்குறிச்சி என்று சொன்னேன்

கோபமா என்றால், இல்லை. உன் வக்கீல் அனுப்பிய காகிதம் மூன்று நாளாக மேசைமேல் கிடக்கிறது, அவ்வளவுதான். ஆற்றுக்காற்றில் பறந்துவிடாதபடி அதன்மேல் மைக்கூட்டை வைத்திருக்கிறேன். பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் அது இருக்கிறதா என்று பார்க்கிறேன். இருக்கிறது. டைப் அடித்த, வழவழப்பான காகிதம். என் பெயருக்கு ஓர் இடம் காலியாக விட்டிருக்கிறார். உன் தகப்பனார் பெயருக்கு ஓர் இடம். சொந்த ஊருக்கு ஓர் இடம். மற்றதையெல்லாம் அவரே நிரப்பிவிட்டார். நான் கலப்பில்லாத ஆரிய இரத்தத்தில் பிறந்தவள். நம் குடும்பம் இந்துக்களில் மேலான சாதி. தலைமுறை தலைமுறையாக வேறு யாரோடும் கொள்வினை கொடுப்பினை இல்லாதது. ஆகையால் என் மகன் அந்த நாட்டுச் சட்டத்தின்படி வெள்ளையன். கீழே என் கையெழுத்து, ஒரு சாட்சியின் கையெழுத்து, சர்க்கார் கச்சேரி முத்திரை. ஞாயிறு தவறாமல் வேதக்கோயிலுக்குப் போகிற கிறிஸ்தவப் பெண்ணான என்னை அவர் இந்து என்று எழுதியிருந்ததைப் பார்த்து முதலில் சிரித்துவிட்டேன். அங்கே அது மதத்தின் பெயர் அல்ல, நம் நாட்டிலிருந்து போன எல்லாருக்கும் அதுதான் பெயர் என்று நீ எப்போதோ எழுதியது பிறகு ஞாபகம் வந்தது.

வெறும் சடங்கு, அம்மா, என்று எழுதியிருக்கிறாய். இன்னும் நான்கு மாதத்தில் நீதிபதி உன்னைக் கூப்பிடுவார். நீ வலது கையைத் தூக்கி, மன்னரை விட்டு விலகினேன், இந்தக் குடியரசுக்கு உண்மையாக இருப்பேன் என்று சொல்லவேண்டும். குடிமகன் ஆனால்தான் ஆப்பிள் தோட்டம் உன் பெயருக்கு வரும். நான்கு வருஷமாக இன்னொருவன் பெயரில் நீ நட்டு, நீ தண்ணீர் விட்டு, பனியில் எழுந்து புகைபோட்டுக் காப்பாற்றிய மரங்கள். இந்த வருஷம்தான் முதல் காய்ப்பு. அவன் நல்லவன், அவனுக்குப் பிறகு என்ன என்று தெரியாது என்கிறாய். எல்லாம் புரிகிறது. மன்னரை விட்டு நீ விலகுவதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. இந்தக் கடிதத்தை வழியில் யாராவது பிரித்துப் படித்தால் படிக்கட்டும். என்னை நிறுத்திவைத்தது உன் கடிதத்தின் கடைசி வரி. அவசரமாக எழுதியிருக்கிறாய், எழுத்து சாய்ந்திருக்கிறது. ஊர் என்ற இடத்தில் ஆழ்வார்குறிச்சி என்றே போட்டுவிடு, அங்கே பள்ளிக்கூடப் பதிவேட்டிலும் அதுதானே இருக்கிறது.

அந்த வரியை நான் உனக்குக் கற்றுக்கொடுத்தேன். அதைப் பற்றி எழுதத்தான் உட்கார்ந்தேன். ஆனால் நேராக அங்கே போக முடியவில்லை. கொஞ்சம் சுற்றிப் போகிறேன், பொறுத்துக்கொள்.

நீ இருக்கிற நாட்டை உனக்கு முன்னாலேயே எனக்குத் தெரியும். மதராஸில் கல்லூரியில் படித்த இரண்டு வருஷமும் எங்களுக்குச் சரித்திரம் சொல்லிக்கொடுத்தவள் ஓர் அமெரிக்கப் பெண். உயரமாக இருப்பாள். செருப்புச் சத்தம் கேட்டவுடன் நாங்கள் எழுந்து நிற்போம், அவளுக்கு அது பிடிக்காது. ஏன் எழுந்திருக்கிறீர்கள், நான் என்ன கவர்னரா என்பாள். கொஞ்சம் ஜனங்கள் ஓர் அறையில் கூடி, நாங்கள் இனிமேல் ஒரு தேசம் என்று காகிதத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள் என்று அவள் சொன்ன நாள் நன்றாக நினைவிருக்கிறது. ஜன்னலுக்கு வெளியே கடல். எனக்கு ஒரு மயக்கம் மாதிரி வந்தது. பிறப்பினால் அல்லாமல் சொல்லினால் ஒரு ஜனம் உண்டாக முடியுமா. ஒரே தாத்தா இல்லை, ஒரே தெரு இல்லை, ஒரே சுடுகாடு இல்லை. ஒரு வாக்கு மட்டும். எல்லாரும் ஒரே அளவாகப் படைக்கப்பட்டவர்கள் என்ற வாக்கு. அன்று சாயங்காலம் கடற்கரையில் நடக்கும்போது கால் மணலில் படவே இல்லை. அந்த நாட்டை ஒரு நாடாக நான் நினைக்கவில்லை. யாரோ சத்தமாகச் சொல்லி, இன்னும் சொல்லி முடிக்காத ஒரு வாக்கியமாக நினைத்தேன்.

பிறகு நீ அங்கே போய் எழுத ஆரம்பித்தாய். உன் கடிதங்களில் எனக்கு மிகவும் பிடித்தது அந்த மரப்பெட்டி. தெருமுனையில் ஒருவன் சோப்புப் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு, மேலே ஏறி நின்று, நாட்டின் தலைவர் ஒரு திருடர் என்று கத்துகிறான். போலீஸ்காரன் பக்கத்தில் நின்று வேர்க்கடலை கொறித்துக்கொண்டு கேட்கிறான். அவன் இறங்கியதும் அதே பெட்டியில் இன்னொருவன் ஏறி, முன்னால் பேசியவன் ஒரு மடையன் என்கிறான். பிறகு இரண்டு பேரும் சேர்ந்து காப்பி குடிக்கப் போகிறார்கள். இதை நான் எத்தனை தடவை வாசித்தேன் தெரியுமா. பள்ளிக்கூடத்துக்குப் போகிற பாலத்தின்மேல் நடக்கும்போது அந்தத் தெருமுனை இங்கே வந்துவிடும். காலையில் ஆற்றின்மேல் பனி இருக்கும். மருத மரங்கள் பாதிதான் தெரியும். துணி துவைக்கிற சத்தம் கேட்கும், ஆள் தெரியாது. அந்த வெள்ளைக்குள் எங்கேயோ ஒரு பெட்டி கவிழ்த்துக் கிடக்கிறது, அதன்மேல் நீ நிற்கிறாய் என்று தோன்றும். ஒரு தடவை நீயும் ஏறிப் பேசியதாக எழுதினாயே. நம் நாட்டைப் பற்றிப் பேசினாய். ஒருவன் சிரித்தான், ஒருவன் கேள்வி கேட்டான், ஒரு கிழவி தன் குடையை உனக்குப் பிடித்தாள், தூறிக்கொண்டிருந்ததால். நீ யார், எந்த ஊர் என்று ஒருவரும் கேட்கவில்லை என்று எழுதியிருந்தாய். அந்தக் கடிதத்தைத் தலையணைக்கு அடியில் வைத்திருந்தேன்.

இங்கேயும் ஒரு வருஷம் சுதேசிக்காரர்கள் அப்படிப் பேசினார்கள். உனக்கு நினைவிருக்கும். தைப்பூசத்துக்கு ஜனங்கள் கூடுகிற ஆற்று மணலில். நீ போகக்கூடாது என்று சொன்னேன். நீ போனாய். நானும் பின்னாலேயே வந்தேன் என்பது உனக்குத் தெரியாது. முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு மரத்தடியில் நின்றேன். பேசியவர்கள் தமிழில் பேசினார்கள். அதுவே எனக்குப் புதிது. நாட்டைப் பற்றி இங்கிலீஷில்தான் பேச முடியும் என்று நினைத்திருந்தேன். வண்டிக்காரன், நெசவுக்காரன், கடை அண்ணாச்சி எல்லாரும் மணலில் உட்கார்ந்து, வாயைத் திறந்தபடி கேட்டார்கள். உன் முகத்தையும் பார்த்தேன். பதினேழு வயது. அவ்வளவு அழகாக நீ அதற்கு முன்னும் இருந்ததில்லை, பின்னும் நான் பார்க்கவில்லை. கொஞ்ச நாளில் பேசியவர்களைப் பிடித்துக்கொண்டு போனார்கள். கடைகள் எரிந்தன. போலீஸ் துப்பாக்கி சுட்ட சத்தம் வண்ணார்பேட்டையில் நம் வீடு வரை கேட்டது. அடுத்த வாரமே என் பழைய அமெரிக்க டீச்சருக்கு எழுதினேன். உன்னிடம் படிப்பு என்று சொன்னேன். விவசாயம் படிக்க அதைவிட நல்ல நாடு இல்லை என்று சொன்னேன். படிப்புக்காக அனுப்பவில்லை, ஐயா. பயந்து அனுப்பினேன். நீ பேசுவாய் என்று பயந்தேன். பேச விடுகிற நாட்டுக்கு உன்னை அனுப்பிவிட்டு, நான் இங்கே பேசாமல் இருந்துவிட்டேன். அதை நீ எப்போதோ ஊகித்திருக்கலாம். ஆனாலும் என் வாயால் சொல்லவேண்டும்.

இனி ஆழ்வார்குறிச்சி.

உன் தகப்பனார் காலராவில் போனபோது உனக்கு ஆறு வயது. எனக்கு இருபத்திரண்டு. அவர் கொற்கைக்குப் பக்கத்தில், செம்மணல் மேடுகளும் பனைகளுமான தேரியில், நம் சொந்த கிராமத்து மிஷன் பள்ளிக்கூடத்தில் உபாத்தியாயர். பனை ஏறுகிற குடும்பத்தில் முதன்முதலாக எழுத்துப் படித்தவர். எனக்கும் அவர்தான் இங்கிலீஷ் சொல்லிக்கொடுத்தார். இரண்டு வருஷம் கழித்து என்னை மதராஸுக்கு அனுப்பிப் படிக்கவைக்க மிஷன்காரர்கள் முன்வந்தார்கள். உன்னைப் பாளையங்கோட்டையில் ஒரு போர்டிங்கில் சேர்க்கவேண்டும். கையைப் பிடித்துக்கொண்டு போனோம். நீ புதுச் சட்டை போட்டிருந்தாய், கழுத்து அரிக்கிறது என்று வழியெல்லாம் அழுதாய். அந்தப் போர்டிங்கில் இரண்டு பந்தி. உள்பந்தி கூடத்துக்குள், சிமெண்டுத் தரையில், தனிச் சமையல். வெளிப்பந்தி பின்னால் கொட்டகையில். கிறிஸ்துவுக்குள் எல்லாரும் ஒன்று என்று காலையில் சேர்ந்து பாடுவார்கள். சோற்றுக்குப் பிரிவார்கள். சாதி என்ன என்று யாரும் கேட்கமாட்டார்கள், அது மரியாதை இல்லை. நம் பக்கத்து வழக்கம் உனக்குத் தெரியுமே. ஊரைத்தான் கேட்பார்கள். ஊரைச் சொன்னால் ஆற்றுப்பக்கமா தேரிப்பக்கமா என்று தெரிந்துவிடும். நெல்லா பனையா என்று தெரிந்துவிடும்.

வார்டன் மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு கேட்டார். "சொந்த ஊரு எதும்மா?"

நான் ஆழ்வார்குறிச்சி என்று சொன்னேன்.

அந்த ஊரை நான் பார்த்ததுகூட இல்லை. கலியாணத்துக்கு முன்னால் என்கூடப் படித்த ஒரு பெண்ணின் ஊர். அவள் சொல்லிச் சொல்லி அந்தத் தெரு, அந்த வாய்க்கால், அந்த வயல் எல்லாம் எனக்கு மனப்பாடம். வார்டன், "அங்கன எந்தத் தெரு?" என்று கேட்டார். அதையும் சொன்னேன். அவர் எழுதிக்கொண்டார். "அப்பம்னா உள்பந்திதான்" என்றார். வெளியே வந்ததும் உன் முன்னால் குனிந்து, யார் கேட்டாலும் நம் ஊர் ஆழ்வார்குறிச்சி, தெரிந்ததா என்று சொன்னேன். நீ தலையை ஆட்டினாய். அப்புறம் இன்னொன்றும் சொன்னேன். அத்தை வந்தால், எங்கள் வீட்டு வேலைக்காரி என்று சொல். விளையாட்டுக்கு. நான் அந்தக் கடைசி வார்த்தையைச் சேர்த்தது உனக்காகவா எனக்காகவா என்று இன்றுவரை தெரியவில்லை. மறுநாள் ரயில் ஏறினேன். அதற்குப் பதினைந்து நாள் கழித்துத்தான் அந்த அமெரிக்கப் பெண் எங்களுக்கு அந்தக் காகிதத்தைப் பற்றிச் சொன்னது, நான் கடற்கரையில் கால் படாமல் நடந்தது. இரண்டையும் அப்போது நான் சேர்த்துப் பார்க்கவில்லை. மனசுக்கு எத்தனை அறைகள்.

அத்தை வந்தாள். உன் தகப்பனாரின் அக்காள், நீ பிறந்தபோது உன்னைக் கையில் வாங்கியவள். பனங்கிழங்கும் கருப்பட்டியும் ஓலைப்பெட்டியில் வைத்துத் தலையில் சுமந்து, பாதி தூரம் வண்டியிலும் பாதி தூரம் நடந்தும் வந்தாள். நீ பையன்களோடு வாசலில் நின்றாயாம். "யாருலே இது?" என்று ஒருவன் கேட்டானாம். நீ நான் சொல்லிக்கொடுத்ததைச் சொன்னாயாம். அவளுக்கு ஒரு நிமிஷம் புரியவில்லை. பிறகு பெட்டியை இறக்கிவைத்து, "ஆமா சின்னையா, அம்மா குடுத்துவிட்டாவ" என்று சொல்லிவிட்டு, உன் தலையைக்கூடத் தொடாமல் திரும்பிவிட்டாள். எட்டு வயதில் நீ அதை என்னவென்று எடுத்துக்கொண்டாய், எனக்குத் தெரியாது. நாம் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசினதில்லை. லீவுக்கு நான் வந்தபோது அவளே சொன்னாள். "ஒம் மவன் எனக்கு வேல போட்டுக் குடுத்திருக்கான், பிள்ள. சம்பளம் எப்பம் தருவிய?" என்றாள். சிரித்துக்கொண்டே சொன்னாள். நானும் சிரித்தேன். அதற்குப் பிறகு அவள் பாளையங்கோட்டைக்கோ வண்ணார்பேட்டைக்கோ வந்ததில்லை. கருப்பட்டி மட்டும் வருஷம் தவறாமல் ஆள் மூலம் வரும். நான் தேரிக்குப் போவேன், ஒருவருக்கும் சொல்லாமல், முழு லீவில் ஒரு நாள்.

நீ இதைப் படிக்கும்போது உன் காதெல்லாம் சூடாகும் என்று தெரியும். அதை நீ செய்யவில்லை. நான் செய்தேன், உன் வாயை வைத்துச் செய்தேன். இத்தனை வருஷமும் நீ அதை உன்னுடையதென்று வைத்திருந்தால், தயவுசெய்து என்னிடம் கொடுத்துவிடு.

பொய்யினால் பலன் இல்லாமலும் இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். நீ நல்ல சோறு சாப்பிட்டாய். பெரிய வீட்டுப் பிள்ளைகளோடு பழகினாய். எனக்கும் திரும்பி வந்ததும் வேலை கிடைத்தது, ஆழ்வார்குறிச்சிக்காரி என்ற பெயரும் கூடவே வந்தது. பதிமூன்று வருஷமாக உள்பந்தியில் சாப்பிடுகிறேன். பள்ளிக்கூடத்தில் எனக்கு நேரே உட்காருகிறவள், தேரிப்பக்கத்துப் பிள்ளைகள் மேல் ஒரு வாசனை வருகிறது என்று சொன்னபோதுகூட நான் எழுந்து போகவில்லை. மோரை ஊற்றிக்கொண்டேன். அந்தப் பிள்ளைகளுக்கு நான்தான் சரித்திரம் சொல்லிக்கொடுக்கிறேன். மன்னரின் தேயிலையைக் கடலில் கொட்டிய அமெரிக்க ஜனங்களைப் பற்றி, ரொம்ப நன்றாகச் சொல்லிக்கொடுக்கிறேன்.

இப்போது உன் நீதிபதி கேட்பதை யோசித்துப் பார்க்கிறேன். அவர் உன் நிறத்தைக் கேட்கிறார் என்று நீ நினைக்கிறாய். நிறம் கண்ணுக்குத் தெரிகிறதே, அதைக் கேட்க என்ன இருக்கிறது. அவரும் சொந்த ஊர் எது என்றுதான் கேட்கிறார். நெல்லா பனையா என்று கேட்கிறார். அந்த நாட்டுக்குள் போக இரண்டு வாசல் என்று நீயே எழுதியிருக்கிறாய். ஒன்று வெள்ளையருக்கு. இன்னொன்று, அடிமைகளாக இருந்தவர்களின் ஜனத்துக்கு, ஒரு பெரிய சண்டைக்குப் பிறகு திறந்தது. அந்த இரண்டாவது வாசலைப் பற்றி உன் வக்கீல் பேச்சே எடுக்கவில்லை. நீயும் எடுக்கவில்லை. அது ஏன் என்று எனக்குத் தெரியும், ஏனென்றால் நானும் கொட்டகைப் பக்கம் திரும்பிப் பார்க்கவில்லை.

அந்த நாடு பொய் என்று நான் சொல்லவரவில்லை. அப்படி நினைத்தால் எனக்குப் பாதி ஆயுசு போய்விடும். அவர்கள் எழுதிவைத்தது உண்மைதான். எழுதியவர்கள் அதைவிடச் சிறியவர்களாக இருந்தார்கள், அவ்வளவுதான், நம்மைப்போல. நீ அங்கே குடிமகன் ஆகவேண்டும் என்று எனக்கும் ஆசை. நீ வலது கையைத் தூக்கி நிற்பதைப் பகலில், வகுப்பில், பிள்ளைகள் எழுதிக்கொண்டிருக்கும்போது, கண்ணைத் திறந்துகொண்டே பார்க்கிறேன். ஆனால் அந்தக் கை தூக்குவதற்கு முந்தின நிமிஷம், அதே வாயால், நீ இன்னொரு சத்தியம் செய்யவேண்டியிருக்கிறதே. எல்லாரும் சமம் என்று சொல்கிற வீட்டுக்குள், நான் மற்றவர்களுக்கு மேலே என்று சொல்லி நுழையவேண்டியிருக்கிறதே. நுழைந்தபின் அந்தப் பெட்டிமேல் ஏறினால் உனக்குக் குரல் வருமா. எனக்கு வரவில்லை. பதினைந்து வருஷமாக வரவில்லை. அதை மட்டும் நான் அனுபவத்தில் சொல்ல முடியும், மற்றதெல்லாம் புத்தகத்தில் படித்தது.

ஆகையால் வக்கீலின் காகிதத்தில் நான் கையெழுத்துப் போடப்போவதில்லை. வேறொரு காகிதம் எழுதியிருக்கிறேன். அதில் உண்மையான ஊர் இருக்கிறது. உன் தாத்தா பனையிலிருந்து விழுந்து இறந்தது இருக்கிறது. உன் தகப்பனார் பெயர், உத்தியோகம், நீ பிறந்த கிழமை இருக்கிறது. நீ பொய் பேசாத பிள்ளை, பேசியது என் பொய் என்று இருக்கிறது. இதனால் தோட்டம் போய்விடலாம். அது எனக்குத் தெரியாமல் இல்லை. முதல் காய்ப்பு மரத்தில் இருக்கும்போது இதை நான் அனுப்புகிறேன். நீ அதைக் கோர்ட்டில் கொடுக்காமலும் இருக்கலாம். வேறு தாய் ஒருத்தியிடம் கையெழுத்து வாங்கிக்கொள்ளவும் முடியும், வக்கீல்களுக்கு வழி தெரியும். உன் வயது இருபத்து மூன்று. நான் உன்னைத் தடுக்கவில்லை. என் கையை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். சாட்சி ஒருவர் வேண்டும், நீ பிறந்ததைப் பார்த்தவர். அப்படி உயிரோடு இருக்கிறவள் ஒருத்திதான். நாளை சனிக்கிழமை. வண்டிக்குச் சொல்லியிருக்கிறேன்.

திங்கள்கிழமை. மிச்சத்தை இப்போது எழுதுகிறேன்.

விடியும்முன் கிளம்பி, பொழுது சாய்கிற நேரத்துக்குத் தேரிக்குப் போய்ச் சேர்ந்தேன். அத்தை குடிசையில் பதநீர் காய்ச்சிக்கொண்டிருந்தாள். புகையில் கண் சிவந்திருந்தது. கிண்டுகிற துடுப்பை நிறுத்தாமல் என்னைப் பார்த்தாள்.

"வா பிள்ள. என்ன, சொல்லாமக் கொள்ளாம. யாருக்கும் மேலுக்குச் சொகமில்லையா?"

"எல்லாரும் நல்லா இருக்கோம், மைனி. ஒரு கைநாட்டு வேணும்."

"எதுக்கு? எங்கிட்ட இருக்கது நாலு பன. அதையும் எழுதி வாங்கப் போறியா?"

"ஒங்க மருமவனுக்கு, மைனி. அமெரிக்காவுல கோர்ட்டுக்கு."

எல்லாவற்றையும் சொன்னேன். சொல்லி முடிக்க நேரமானது. அவள் கிண்டிக்கொண்டே இருந்தாள்.

"வெள்ளக்காரன்னு காட்டணுமாக்கும்" என்றாள்.

"ஆமா."

"நம்ம பயலா?"

"ஆமா மைனி."

துடுப்பை விட்டுவிட்டாள். சிரிப்பில் இருமல் வந்துவிட்டது. "ஏட்டி, அவன் பொறந்தப்பம் ஒன் மாமியா வெளக்கத் தூக்கிப் பிடிச்சா. இல்லன்னா பிள்ள எங்கன கெடக்குன்னே எனக்குத் தெரிஞ்சிருக்காது. அத எழுதியிருக்கியா?"

"எழுதலை."

"எழுது. பாவம், அந்த நீதிபதியும் எப்பம் சிரிக்கது."

பிறகு காகிதத்தை வாசித்துக் காட்டச் சொன்னாள். வாசித்தேன். இவள் என் கணவரின் மூத்த சகோதரி, என் மகனுக்கு அத்தை, அவன் பிறந்தபோது கையில் வாங்கியவள் என்ற இடம் வந்ததும், கையை நீட்டி நிறுத்தினாள். அதை மறுபடி வாசிக்கச் சொன்னாள்.

"இத அங்கன வாசிப்பாவளா? சத்தமா?"

"வாசிப்பாவ."

"எல்லாருக்கும் முன்னாலயா?"

"ஆமா மைனி."

"அப்பம் அத்தைன்னு வாசிப்பாவ."

அவள் பெருவிரலைச் சேலையில் துடைத்தாள். பாகு ஒட்டியிருந்தது. எழுந்து போய்த் தண்ணீரில் கழுவி, மறுபடி துடைத்துக்கொண்டு வந்தாள். மையில் தொட்டு, பைய, பலமாக அழுத்தினாள். எடுக்க மனமில்லாமல் கொஞ்ச நேரம் அப்படியே வைத்திருந்தாள். பிறகு சொன்னாள். அதையும் உனக்கு எழுதிவிடவேண்டும், மறைத்தால் இதுவும் இன்னொரு பொய்யாகிவிடும். "அவன் இத கோர்ட்டுல குடுக்கலன்னாலும் பரவாயில்லன்னு எழுதிரு. மரம் நட்டவனுக்குத்தான் தெரியும். நான் ஒண்ணும் நெனைக்க மாட்டேன்." அவள் நினைக்கமாட்டாள். உனக்கு அது நன்றாகத் தெரியும். அதனால்தான் இதை நீயே தீர்மானிக்கவேண்டும் என்கிறேன். கோபித்துக்கொள்கிற ஒருத்தியாக இருந்தால் உனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

இன்று காலை கச்சேரிக்குப் போனேன். முத்திரை வைப்பதற்கு முன்னால் காகிதத்தை உரக்க வாசித்து, எழுதியவரிடம் உண்மைதானா என்று கேட்பது அங்கே வழக்கம். குமாஸ்தாவின் மகள் என் வகுப்பில் படிக்கிறாள். பெஞ்சில் பதினைந்து இருபது பேர், பாதிப்பேர் நம் சபைக்காரர்கள். அவர் இரண்டு வரி வாசித்ததும் குரலைத் தணித்து என்னைப் பார்த்தார்.

"டீச்சரம்மா, நீங்க ஆழ்வார்குறிச்சில்லா?"

"இல்லை" என்றேன். "மேலே வாசிங்க."

"பைய வாசிக்கட்டுமா? ஆளுக இருக்காவ."

"சத்தமாவே வாசிங்க, அண்ணாச்சி."

வாசித்தார். பனை வந்தது, தேரி வந்தது, உன் தாத்தா விழுந்தது வந்தது, ஓரத்தில் நான் சேர்த்து எழுதியிருந்த அந்த விளக்கும் வந்தது. பெஞ்சில் யாரோ சிரித்து, பிறகு நிறுத்திக்கொண்டார்கள். உண்மைதானா என்று கேட்டார். எழுந்து நின்று, உண்மை என்று சொன்னேன். குரல் கொஞ்சம் பெரிதாகவே வந்துவிட்டது. முத்திரை விழுந்தது.

அங்கிருந்து நேராகப் பள்ளிக்கூடத்துக்கு நடந்தேன். செய்தி எனக்கு முன்னால் போயிருந்தது. ஆசிரியைகள் அறையில் பேச்சு நின்றது. நான் குடையை மாட்டிவிட்டு, வகுப்புக்குப் போய், வருகைப் பதிவேட்டைத் திறந்து, பெயர்களைக் கூப்பிட்டேன்.